இடக்கைத் தையல்

அர்மெல் கெர்வரெக் எழுதிய முதல் அறை அவள் கன்னத்திலேயே விழுந்தது. இரண்டாம் உலகப் போருக்குச் சில வருடங்கள் முன்பு, பாரிஸுக்கு வடக்கே எப்பினே சினிமா ஸ்டுடியோவில் அவள் டைப்பிஸ்டாக இருந்தாள். யாரோ கையால் எழுதிக் கொடுத்த காட்சி ஒன்றில் கறிக்கடைக்காரன் தன் மனைவியை அடிக்க வேண்டும். 'கோபத்தோடு அறைகிறான்' என்று இருந்தது. அர்மெல்லுக்கு அது பொய்யாகப் பட்டது. அடித்துப் பழகியவன் அடிக்கும் முன் கையைத் துடைத்துக்கொள்வான் என்று அவளுக்குத் தெரியும். மேற்கே பிரெத்தாஞ் கடற்கரையில், துவார்னெனே ஊரில், மத்தி மீன் தொழிற்சாலைகளின் பின்சந்தில் வளர்ந்தவள் அவள். யாரையும் கேட்காமல், 'இடுப்புத் துணியில் கையைத் துடைத்துக்கொள்கிறான், பிறகு அறைகிறான்' என்று மாற்றி அடித்துப் புள்ளி வைத்தாள். வைத்ததும் அவள் முகம் ஒரு பக்கமாகத் திரும்பிப் போனது. கன்னத்தில் நான்கு விரல்கள் பதிந்திருந்தன. விரல் தடங்களில் மாட்டு ரத்தத்தின் வாடை அடித்தது. பக்கத்து மேஜையில் இருந்த ஜினெத் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்து, "யாருடி அடிச்சா?" என்றாள். அறையில் வேறு யாருமில்லை. அர்மெல் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "கறிக்கடைக்காரன்" என்றாள்.

அந்தத் தடம் கோடை முழுவதும் இருந்தது. இலையுதிர் காலத்தில் படம் வெளியாகி, அரங்கில் விளக்கு அணைந்து அந்தக் காட்சி ஓடி முடிந்ததும் கன்னம் பழையபடி ஆயிற்று. அடுத்த படத்தில் உடைந்த விலா எலும்பும் அப்படித்தான், படம் வந்த அன்று ஒட்டிக்கொண்டது. எழுதியது உண்மையாக இருந்தால் அடி விழும், பொய்யாக இருந்தால் விழாது, காட்சியை ஜனங்கள் பார்த்ததும் ஆறும் என்று ஸ்டுடியோவில் எல்லோரும் புரிந்துகொண்டார்கள். மழை வந்தால் வெளிப்புறப் படப்பிடிப்பு நிற்கும் என்பது போல அதுவும் ஒரு விஷயமாயிற்று. தயாரிப்பாளர் எத்மோன் தரிக், மீசையில் எப்போதும் முட்டைக் கரு ஒட்டியிருக்கும் பருத்த மனிதர், அவளை டைப்பிங்கிலிருந்து எடுத்து, சாமான் கிடங்குக்கு மேலே ஒரு அறை கொடுத்து எழுத உட்காரவைத்தார். காலையில் வந்தால் பக்கங்களை வாங்க மாட்டார். முதலில் அவளை மேலும் கீழும் பார்ப்பார். "வந்துச்சா?" என்பார். அவள் சட்டைக் கையைச் சுருட்டிக் கத்திக் கீறலைக் காட்டுவாள், அல்லது உதட்டைப் பிதுக்கி ஆடும் பல்லைக் காட்டுவாள். "பேஷ்" என்று சொல்லி, படிக்காமலேயே பக்கங்களை அச்சுக்கு அனுப்பிவிடுவார்.

போர் வந்தது, ஜெர்மானியர்கள் வந்தார்கள், போனார்கள். படங்கள் நிற்கவில்லை, அடிகளும் நிற்கவில்லை. போருக்குப் பிறகு ஜனங்களுக்குக் காதல் புளித்துவிட்டது. சவரக் கத்தியும் துப்பாக்கியும் உள்ள படங்களைக் கேட்டார்கள். பாரிஸில் பிகாலின் சந்துகளில் ரவுடிகள் ஒருவர் முகத்தை ஒருவர் கிழித்துக்கொள்ளும் கதைகளை அர்மெல் வருடத்துக்கு இரண்டு எழுதினாள். இரும்பு வளையம் போட்ட முஷ்டி தாடையில் விழுந்தால் ஒலி முதலில் காதுக்குள் கேட்கும், வலி அப்புறம்தான் என்று அவள் எழுதியதை ஒரு நிஜ ரவுடி பார்த்துவிட்டு, பெரிய பூங்கொத்து ஒன்றை ஸ்டுடியோவுக்கு அனுப்பினான். பூங்கொத்து வேறொருவருக்குப் போய்ச் சேர்ந்தது. படத்தில் வசனம் என்று யாராவது பெயர்பெற்ற ஆணின் பெயர்தான் வரும். பேச வெட்கப்படும் பெண்ணான அவள் அதைப் பற்றி வாய் திறக்கவில்லை. கடைசி வரிசையில் உட்கார்ந்து, தோளில் இருந்த குண்டுக் காயம் மூடிக்கொள்வதை விரலால் தொட்டுப் பார்த்துவிட்டு, விளக்கு எரிவதற்கு முன் எழுந்து போய்விடுவாள்.

சாவை மட்டும் அவள் எழுதவில்லை. ஒரே ஒரு முறை முயன்றாள். ஒருவன் நெஞ்சில் கத்தி இறங்குவதை எழுதத் தொடங்கி, பாதி வாக்கியத்தில் மேஜை முழுக்கச் சிவப்பானதைப் பார்த்துக் கையை எடுத்தாள். ஜினெத் ஓடிவந்து வரிசையாக 'எக்ஸ்' அடித்து அந்த வாக்கியத்தை மறைத்ததால் காயம் விரற்கடை ஆழத்தோடு நின்றது. அன்றிலிருந்து சாகவேண்டியவன் எவனாக இருந்தாலும் அர்மெல் அவனை ஒரு கதவுக்குப் பின்னால் அனுப்பினாள். கதவு சாத்திக்கொள்ளும், ஒரு சத்தம் கேட்கும், அவ்வளவுதான். பத்திரிகைக்காரர்கள் அதை நாசூக்கு என்று எழுதினார்கள். நடிகர் சோவேருக்கு மட்டும் அது பிடிக்கவில்லை. ஒவ்வொரு படத்தின் முடிவிலும் தான் சாகவேண்டும் என்று ஒப்பந்தத்தில் எழுதி வாங்கிக்கொள்கிற நட்சத்திரம் அவர். அவர் சாவதைப் பார்த்து அழுவதற்கென்றே பெண்கள் கைக்குட்டையோடு வருவார்கள். "இதோட எத்தனை படம் கதவுக்குப் பின்னால செத்துட்டேன் தெரியுமாம்மா? எங்க அம்மா ஒவ்வொரு தடவையும் நான் கக்கூஸுக்குப் போயிருக்கேன்னு நினைச்சுக் காத்திட்டிருக்கா" என்று ஸ்டுடியோ உணவகத்தில் எல்லோர் முன்னாலும் சொன்னார். அர்மெல் தட்டைப் பார்த்துக்கொண்டு சிரித்தாள்.

அவள் அம்மா பெரின் அப்போதும் துவார்னெனேயில் மத்தியை எண்ணெயில் வறுக்கும் வேலையில்தான் இருந்தாள். அந்த ஊரில் பெண்கள் பாடிக்கொண்டே வேலை செய்வார்கள். புதிதாக வந்த மேற்பார்வையாளனுக்குப் பாட்டு ஆகவில்லை. ஒரு நாள் பெரின் பாட்டை நிறுத்தாததால், அவள் வலது கையைப் பிடித்து, எண்ணெய்ச் சட்டியின் விளிம்பில் அழுத்தி, அவள் பாடுவதை நிறுத்தும்வரை வைத்திருந்தான். அவள் அந்தப் பாட்டின் அடியை முடித்துவிட்டுத்தான் நிறுத்தினாள். மறுநாள் அவள் மகன் குல்வென், அர்மெல்லின் தம்பி, படகிலிருந்து இறங்கியவன் நேராக மீன் ஏலக் கரைக்குப் போய், ஊரே பார்க்க, படகு இழுக்கும் இரும்புக் கொக்கியை மேற்பார்வையாளனின் தோளுக்கும் கழுத்துக்கும் நடுவே இறக்கினான். ஒரே அடிதான். கொக்கி எலும்பில் சிக்கித் திரும்பி வரவில்லை. அதை அங்கேயே விட்டுவிட்டு, போலீஸ் வரும்வரை ஒரு மத்திக் கூடையின்மேல் உட்கார்ந்திருந்தான். செத்தவனின் கால் நெடுநேரம் மீன் செதில்களை உதைத்துக்கொண்டிருந்தது என்றும், அதுவரை ஏலம் நிறுத்தி வைக்கப்பட்டிருந்தது என்றும் ஊரில் சொல்கிறார்கள்.

வழக்கு கெம்பேர் நகரில் நடந்தது. மகன் நீதிபதி முன் கந்தலோடு நிற்கக் கூடாதென்று பெரின் ஒரு வெள்ளைச் சட்டை தைத்தாள். வலது கை கருகிப்போய் மடங்கவில்லை. இடது கையால் தைத்தாள். தையல்கள் எல்லாம் காற்றில் மழை சாய்வது போல ஒரே பக்கம் சாய்ந்திருந்தன. பிரிந்துவிடுமோ என்ற பயத்தில் காலரை மட்டும் மெழுகு தேய்த்த வலை நூலால் இரட்டைத் தையல் போட்டாள். சிறையில் பார்க்கப் போனபோது குல்வென் காலரை இழுத்துக் காட்டி, "பாருக்கா, ஒரு தையலாவது நேரா இருக்கா? குடிச்சிட்டுத் தச்ச மாதிரி இருக்கு. ஆனா ரெண்டு மாடு கட்டி இழுத்தாலும் கிழியாது" என்றான். அதுதான் அவள் கேட்ட அவனுடைய கடைசிப் பேச்சு. அடுத்த முறை அம்மாவும் மகளும் அவனுக்கென்று வெண்ணெய்க் கேக் எடுத்துக்கொண்டு போனபோது மரண தண்டனை நிறைவேறிவிட்டது என்று சிறைக் கதவில் ஒரு காகிதம் ஒட்டியிருந்தது. தலையை வெட்டும் கில்லட்டினைச் சதுக்கத்தில் வைத்து ஊருக்குக் காட்டும் வழக்கம் போருக்கு முன்பே ஒழிந்திருந்தது. எல்லாம் மதிலுக்கு உள்ளே, விடிவதற்குள் முடிந்துவிடும். வெளியே காகிதம் மட்டும் ஒட்டுவார்கள். காவலாள் ஒரு மூட்டையைக் கொடுத்தான். மரச் செருப்பு, தொப்பி, பாதி சோப்பு. பெரின் மூட்டையை அங்கேயே பிரித்துப் பார்த்தாள்.

"சட்டை எங்க?"

"அது இல்லம்மா."

"இல்லன்னா? எம்புள்ள சட்டையில்லாமலா போனான்?"

காவலாள் கதவைச் சாத்தினான். பெரின் அழவில்லை. அதற்குப் பிறகு மகனைப் பற்றி அவள் வேறு எதுவும் பேசவும் இல்லை. ஒவ்வொரு விடுமுறைக்கும் அர்மெல் ஊருக்குப் போகும்போது, கறுப்பு மாவுத் தோசையைக் கல்லில் திருப்பிப் போட்டுக்கொண்டே, "அந்தச் சட்டை என்னாச்சுன்னு யாராவது சொன்னாங்களா?" என்று மட்டும் கேட்பாள். இல்லை என்று அர்மெல் சொல்வாள். தோசையை மடித்து வைத்துவிட்டு அம்மா அடுத்ததை ஊற்றுவாள்.

சில வருடங்கள் கழித்து ஒரு மார்ச் மாதக் காலையில் தரிக் படியேறி வந்து, மூச்சு வாங்க, துவார்னெனேக் கொலையைப் படமாக எடுக்கப்போவதாகச் சொன்னார். சோவேர் ஒப்புக்கொண்டாயிற்று. கில்லட்டினைத் திரையில் காட்டப்போகிறார்கள். கதவெல்லாம் கிடையாது.

"அது என் தம்பி, முதலாளி."

"தெரியும். அதனாலதான் உன்கிட்ட வந்தேன். வேற யாருக்கு அது வரும்?"

தரிக் ஜன்னலோரம் போய் நின்று, பருத்த விரலால் கண்ணாடியைத் தட்டினார். "இங்க பாரும்மா, நான் மிருகமில்ல. வேண்டாம்னா சொல்லிடு. பாட்டுப் படம் எழுதற பூஜோல்கிட்ட குடுத்துடறேன். அவன் உன் தம்பியை முழங்கால் போட்டு அழவைப்பான். பாதிரியாரைக் கட்டிப்பிடிக்க வைப்பான். கடைசியில ஒரு பாட்டும் வச்சாலும் வைப்பான்."

அவர் போனதும் ஜினெத் கதவைச் சாத்திவிட்டு வந்தாள். இத்தனை வருடமும் அர்மெல்லின் காயங்களுக்குக் கட்டுப்போட்டவள் அவள்தான். "பைத்தியமா உனக்கு? இது விரல் இல்லடி, பல்லு இல்ல. கழுத்து. தப்பா எழுதினா படம் போச்சு, சரியா எழுதினா நீ போன" என்றாள். அர்மெல்லுக்கு அது தெரியும். வேறொன்றும் அவளுக்குத் தெரிந்திருந்தது. மதிலுக்குள் என்ன நடந்தது என்று அவளுக்குச் சொல்லக்கூடிய ஒரே சாட்சி அவள் உடம்புதான். பொய்யை எழுதினால் சும்மா இருக்கும், உண்மையைத் தொட்டால் காட்டிக்கொடுத்துவிடும். "அம்மாவுக்கு ஒரு பதில் சொல்லணும்" என்றாள். ஜினெத் அவளைத் திட்டிக்கொண்டே பஞ்சும் துணியும் வாங்கப் போனாள்.

ஏலக் கரையை, கொக்கி இறங்குவது வரை மட்டும், எழுதி முடித்தபோது ஒன்றும் ஆகவில்லை. அடித்தது குல்வென், வாங்கியது வேறொருவன், அவனுக்காக அவள் உடம்பு வலிக்க மறுத்தது போலும் என்று நினைத்தாள். ஆனால் மாலை வீட்டுக்குக் கிளம்பும்போது தோளில் கொக்கி நுழைந்த இடம் கிழிந்து திறந்தது. அவனுக்காகவும் வலித்தது. அதன் பிறகு சிறைக்குள் போனாள். கைகளைப் பின்னால் கட்டுவதை எழுதியதும் மணிக்கட்டுகளில் கயிற்றுத் தடம் இறங்கி விரல்கள் நீலமாயின. நீல விரல்களோடு டைப் அடித்தாள். சாகப்போகிறவனுக்கு ஒரு கோப்பை ரம் கொடுப்பது வழக்கம். குல்வென் அதை ஒரே மடக்கில் குடித்தான் என்று எழுதினாள், ஒன்றுமில்லை. வேண்டாம் என்றான், ஒன்றுமில்லை. ஒரு கன்னத்தில் அடக்கிவைத்துக்கொண்டான் என்று எழுதியபோது அவளுடைய கடைவாய்ப் பல் விண்ணென்று தெறித்தது. அப்போதுதான் தெரிந்தது, அவனுக்கு அன்று பல்வலி. இன்னும் சில நிமிடங்களில் தலையே போகப்போகிறவன் சொத்தைப் பல்லுக்கு ரம் வைத்து ஆற்றிக்கொண்டிருந்தான். அவள் டைப்ரைட்டரின்மேல் கவிழ்ந்து சிரித்தாள், பிறகு வெகுநேரம் நிமிரவில்லை.

அங்கிருந்து நகர முடியவில்லை. கழுத்தைத் திறந்துவிடுவதற்காகக் காலரைக் கத்தரிக்கோலால் வெட்டுவார்கள். பிரெஞ்சுக் குழந்தைக்கும் தெரிந்த விஷயம் அது. 'உதவியாள் கத்தரிக்கோலை எடுக்கிறான், காலரை வெட்டி எறிகிறான்' என்று எழுதிவிட்டு அடுத்ததைத் தேடினாள். அவன் அழுதான் என்று எழுதினாள். அம்மா என்று கத்தினான் என்று எழுதினாள். புனித அன்னாளை வேண்டினான், நீதிபதியைத் திட்டினான், மௌனமாக நடந்தான் என்று விதவிதமாக எழுதினாள். ஒவ்வொரு தடவையும் ஜன்னல் கண்ணாடியில் கழுத்தைப் பார்த்துக்கொண்டாள். கழுத்து சுத்தமாக இருந்தது. பார்க்கும்போதெல்லாம் நிம்மதி வந்தது, நிம்மதி வந்ததற்காக அவமானமும் வந்தது. கசக்கிப் போட்ட காகிதங்களால் மேஜையடியில் இருந்த பிரம்புக் கூடை நிரம்பிவிட்டது. வசந்தம் முடிந்தது. கீழே மரவேலைக்காரர்கள் கில்லட்டினையே செய்து முடித்துவிட்டு, தர்பூசணியை வெட்டிச் சோதித்து, பழத்தைப் பங்குபோட்டுத் தின்றார்கள். தரிக் தினமும் வந்து அவள் கழுத்தைப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கிக்கொண்டு போனார்.

ஜூன் மாதம் ஒரு மத்தியானம் ஜினெத் பழைய கட்டுத் துணி ஒன்றைக் கிழிக்க முடியாமல், கத்தரிக்கோலோடு மல்லுக்கட்டிக்கொண்டு, "சனியன், இந்த மடிப்புல ஏறவே மாட்டேங்குது" என்று முனகினாள். அர்மெல் திரும்பிப் பார்த்தாள். ரெண்டு மாடு கட்டி இழுத்தாலும் கிழியாது. இத்தனை வாரமும் அவன் என்ன சொன்னான் என்பதைத் தேடிக்கொண்டிருந்தாள். அதற்கு முந்தைய வரியிலேயே பொய் இருந்தது. புதிய காகிதத்தைச் செருகினாள். 'கத்தரிக்கோல் காலரில் சிக்கிக்கொள்கிறது' என்று அடித்தாள். பிடரியில் ஐஸ் போல இரும்பு பட்டது. அவள் ரவிக்கைக் காலர் தானாக இழுபட்டது, நெரிந்தது, கிழியவில்லை. உதவியாள் மறுபடி வெட்டப் பார்க்கிறான். கெட்ட வார்த்தை சொல்கிறான். குல்வெனின் தோல் நறுக்குப்படுகிறது. அர்மெல்லின் பிடரியில் ரத்தம் வழிந்தது. குல்வென் தலையைத் திருப்பி என்ன சொன்னான் என்பதை அவள் தேடவே இல்லை, விரல்கள் அடித்துவிட்டன: "அது அறுபடாதுங்க. எங்கம்மா தச்சது, இடக்கையால. கையை அவுத்துவிட்டா பட்டனை நானே கழட்டிக் குடுப்பேன்." கையை யாரும் அவிழ்க்கவில்லை. நேரமாகிறது என்று ஒருவன் சொல்கிறான். சட்டையோடேயே தள்ளிக்கொண்டு போகிறார்கள்.

இங்கே அவள் நிறுத்தியிருக்கலாம். ஒரு கதவு இருந்தது, சிறை முற்றத்துக்குப் போகும் கதவு. அது சாத்திக்கொள்கிறது என்று எழுதினால் போதும். ஜினெத் பின்னால் நின்று அவள் தோளைப் பிடித்துக்கொண்டு, "சாத்துடி. அம்மாவுக்குப் பதில் கிடைச்சாச்சு இல்ல, சாத்து" என்று கெஞ்சினாள். அர்மெல் ஒட்டியிருந்த அந்தக் காகிதத்தை நினைத்தாள். ஒருவரும் பார்க்காமல் தம்பியைக் கொன்றார்கள்; அவளும் இத்தனை வருடமாக எல்லோரையும் ஒருவரும் பார்க்காமல்தான் கொன்றிருக்கிறாள். "கையை எடு ஜினெத், விரல்ல பட்டுடும்" என்றாள். 'கதவு திறக்கிறது' என்று அடித்தாள். முற்றம், ஈரக் கல், சாய்ந்து விழும் பலகை, வயிறு பலகையில் மோதும் சத்தம், பல்வலி இன்னும் நிற்கவில்லை, கன்னத்தில் ரம்மின் கசப்பு. பிறகு அந்த வாக்கியத்தை எழுதினாள். சிறிய வாக்கியம்தான். புள்ளி விழுந்ததும் அவள் தலை காலரோடு அறுபட்டு, மேஜை விளிம்பில் ஒருமுறை மோதி, கசக்கிய காகிதங்கள் நிறைந்த கூடைக்குள் விழுந்தது. கழுத்திலிருந்து ரத்தம் சுவர்க் கடிகாரம் வரை அடித்தது. ஜினெத் கத்தினாள். கூடைக்குள் இருந்து தலை, "பக்கத்தை எடுடி முதல்ல, ரத்தம் படப்போகுது" என்றது. பக்கம் எடுக்கப்பட்டது. ரத்தம் நின்றதும், கைகள் தடவித் தடவி இன்னொரு காகிதத்தைச் செருகி, நடுவில் 'முற்றும்' என்று அடித்தன. தரிக் வந்தார். கூடையைப் பார்த்தார், தொப்பியைக் கழற்றினார், முதல் தடவையாக "வந்துச்சா?" என்று கேட்கவில்லை.

கழுத்தை ஜினெத் பஞ்சு வைத்துக் கட்டினாள். அர்மெல் தலையைக் காய்கறி வாங்கும் வலைப்பையில் போட்டுக்கொண்டு மறுநாளும் வேலைக்கு வந்தாள். அவள் வரும் பேருந்து சேன் தெனி வழியாக வரும். அங்கே தேவாலயத்தில் வெட்டுப்பட்ட தன் தலையைக் கையில் ஏந்திக்கொண்டு புனிதர் கல்லாக நிற்கிறார். அந்தப் பக்கத்து ஜனங்களுக்கு அது ஒன்றும் புதிதில்லை. நடத்துநர் மட்டும், "பையை மடியில வச்சுக்கோங்கம்மா, சீட்டுல வச்சா இன்னொரு டிக்கெட் எடுக்கணும்" என்றார். முள்ளங்கி வாங்கும் நாட்களில் தலைக்குப் பக்கத்தில் அதையும் வைத்துக்கொள்வாள். மூக்கில் இலை உரசித் தும்மல் வந்தால் எதிரில் இருப்பவர்கள், எல்லோருக்கும் சொல்வது போல, "நலமா இருங்க" என்பார்கள்.

அந்தக் காட்சியைப் படமெடுத்த அன்று சோவேர் காலையிலிருந்து கில்லட்டினையே சுற்றிச் சுற்றி வந்தார். ஐம்பதைத் தாண்டிய மனிதர், இருபத்து மூன்று வயது மீனவனாக நடித்தார். ஸ்டுடியோவில் அதைப் பற்றி ஏற்கெனவே வேண்டிய அளவு சிரித்து முடித்திருந்தார்கள். கத்தரிக்கோல் சிக்கிய இடத்தில் ஒருவரும் சிரிக்கவில்லை. விளக்கு பிடிப்பவர்கள் தங்கள் காலரைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்கள். பலகை சாய்ந்து, கத்தி விழுந்து, தரிக் 'போதும்' என்று சொன்ன பிறகும் சோவேர் எழுந்திருக்க நேரமானது. எழுந்து நேராக அர்மெல்லிடம் வந்து, வலைப்பையைக் கையில் வாங்கி முகத்துக்கு நேரே உயர்த்திப் பிடித்துக்கொண்டு, "இப்பதாம்மா முதல் தடவையா செத்தேன்" என்றார். "எங்க அம்மா இந்தத் தடவை காத்திருக்க மாட்டா." காட்சி திரைக்கு வந்ததும் தலை தானாகப் பொருந்திவிடும் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. ஜினெத் அதற்கென்று ஒரு புதிய பாசி மாலைகூட வாங்கி வைத்தாள்.

தணிக்கைக் குழுவினர் படத்தைப் பார்த்துவிட்டு, எழுதியவரைக் கூப்பிட்டார்கள். அர்மெல் தலையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். தலைமை அதிகாரி முதலில் கழுத்தைப் பார்த்துப் பேச ஆரம்பித்து, பிறகு மரியாதையாகக் குனிந்து மடியைப் பார்த்துப் பேசினார். கொலையை ஒப்புக்கொள்ளலாம், எண்ணெய்ச் சட்டியையும் ஒப்புக்கொள்ளலாம் என்றார். "ஆனா அரசாங்கக் கத்தரிக்கோல் ஒரு சட்டைக் காலரை வெட்டாதுன்னு காட்டறீங்களே, இது என்ன நியாயம்? மழுங்கல் கத்தரிக்கோலா வச்சிருக்கோம்?" அர்மெல் மெல்லிய குரலில், அது கத்தரிக்கோலின் குற்றமில்லை, தையல் அப்படி என்றாள். இன்னொருவர், வெட்டுப்பட்ட கழுத்து பார்ப்பதற்கு அப்படி இருக்காது, இது எழுதுபவர்களின் மிகை என்றார். அதைச் சொல்லும்போது அவர் அவளுடைய கழுத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். காட்சி வெட்டப்பட்டது. அவர்களுடைய கத்தரிக்கோல் நன்றாகவே வெட்டியது. தரிக் வேறு வழியில்லாமல், முற்றத்துக் கதவு சாத்திக்கொள்வதைப் பழைய படம் ஒன்றிலிருந்து எடுத்து ஒட்டினார்.

படம் நவம்பரில் வந்தது. அர்மெல் கடைசி வரிசையில் பையோடு உட்கார்ந்தாள். கொக்கி நுழைந்த காயம் ஏலக் கரைக் காட்சியில் மூடியது, மணிக்கட்டின் கயிற்றுத் தடம் அழிந்தது, ரம் காட்சியில் பல்வலி நின்றது. பிறகு கதவு சாத்திக்கொண்டது, சத்தம் கேட்டது, பெண்கள் கைக்குட்டையை எடுத்தார்கள். தலை மடியிலேயே இருந்தது. பத்திரிகைகள் முடிவை நாசூக்கு என்று பாராட்டின. பெயர் வரிசையில் முதல் தடவையாக அவள் பெயர் இருந்தது, தரிக் சொல்லிப் போட வைத்திருந்தார். ஜினெத் அழுதுகொண்டே பாசி மாலையை வலைப்பையின் கைப்பிடியில் கட்டிவிட்டாள்.

அந்த வாரமே அர்மெல் ரயிலேறி ஊருக்குப் போனாள். பெரின் கதவைத் திறந்து, மகளைப் பார்த்து, பிறகு பையைப் பார்த்து, "மெலிஞ்சுட்ட" என்றாள். மேஜையில் இருந்த மாவுப் பாத்திரத்தை நகர்த்தி இடம் செய்தாள். அர்மெல் தலையை எடுத்து வைத்தாள். அம்மா அடுப்பைப் பார்த்துக்கொண்டு, வழக்கம்போலக் கேட்டாள்.

"அந்தச் சட்டை என்னாச்சுன்னு யாராவது சொன்னாங்களா?"

"அவனோடயே போச்சும்மா. கத்தரிக்கோலுக்கு அறுபடல. திரும்பத் திரும்ப வெட்டிப் பார்த்தாங்க, முடியல. எங்கம்மா தச்சது, இடக்கையாலன்னு சொன்னான். சட்டையோடதான் போனான்."

பெரின் கல்லில் இருந்த தோசையைத் திருப்பவில்லை. அது கருகிப் புகைய ஆரம்பித்தது. "பயந்தானா?" என்று இத்தனை வருடத்தில் முதல் தடவையாக வேறொரு கேள்வி கேட்டாள். "பல்வலி அவனுக்கு. அதே கவலையா இருந்தான்" என்றாள் அர்மெல். பெரின், "அந்தக் கடவாப் பல்லு, சின்ன வயசுலயே பிடுங்கணும்னு சொன்னேன், கேக்கல" என்று சொல்லிக் கருகிய கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். பிறகு கல்லை இறக்கி வைத்துவிட்டு, அலமாரியிலிருந்து ஊசியையும் வலை நூலையும் மெழுகுத் துண்டையும் எடுத்து வந்தாள். மகளை நாற்காலியில் உட்காரவைத்து, தலையைக் கழுத்தின்மேல் வைத்து, கோணலாக இருக்கிறதா என்று தள்ளி நின்று பார்த்து, கொஞ்சம் இடப்பக்கம் திருப்பினாள். தைக்க ஆரம்பித்தாள். ஊசி தோலில் ஏறும்போதெல்லாம் அர்மெல் மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். ரத்தம் முன்பக்கம் வழிந்தது, அம்மா அதை மாவுத் துணியால் ஒற்றி எடுத்துக்கொண்டே தைத்தாள். ஒரு சுற்று முடித்து, பிரிந்துவிடுமோ என்று இரண்டாம் சுற்றும் போட்டாள். அந்தத் தையல் அதற்குப் பிறகு அர்மெல் எழுதிய எல்லாப் படங்களையும் தாங்கியது. அவள் யாரையும் கதவுக்குப் பின்னால் அனுப்பவில்லை, எல்லோரும் திரையிலேயே செத்தார்கள், அவள் கழுத்து ஒருமுறைகூட அசையவில்லை. மழைக்காலத்தில் மட்டும் கொஞ்சம் இழுத்துப் பிடிக்கும். அன்று பெரின் நூலைப் பல்லால் கடித்து அறுத்துவிட்டு, சாய்ந்து சாய்ந்து போகும் தையல்களை விரலால் தடவிப் பார்த்தாள். புது தோசைக்கு மாவைக் கலக்கிக்கொண்டே, திரும்பிப் பார்க்காமல் சொன்னாள்.

"காலர் பட்டனைப் போட்டுக்கோ. கடல் காத்து அடிக்குது."